சிவப்பு விளக்கின் மேல் கறுப்பு டேப்

கேமராக்காரி எங்கள் உப்புக்கிடங்கு பிளாக்குக்கு வந்த அன்று தண்ணீர் லாரி வரவில்லை, கரண்ட் போய்ப் போய் வந்தது, மாடிப்படியில் யாரோ ஊற்றிய மீன் கழுவிய தண்ணீர் காயாமல் கிடந்தது; அதாவது அது எல்லா நாளையும் போல ஒரு நாள், அதனால்தான் அவள் வந்த உடனேயே எனக்குச் சந்தேகம் தட்டியது. கல்யாணத்துக்குக் கேமரா வரும், சாவுக்கு வரும், எலெக்ஷனுக்கு வரும், தீப்பிடித்தால் டிவிக்காரர்கள் நம்மைத் தள்ளிவிட்டுக்கொண்டு ஓடி வருவார்கள். ஒன்றுமே நடக்காத நாளில் ஒருத்தி கேமராவோடு வந்து, கேட்டுக்குப் பக்கத்தில் நான் பஜ்ஜி போடும் தள்ளுவண்டிக்கு எதிரே உடைந்த சிமெண்ட் பெஞ்சில் உட்கார்ந்து, அதைத் தூங்குகிற பிள்ளையைப் போல மடியில் வைத்துக்கொண்டு சும்மா இருந்தால், அவளை நம்புவதற்கு நான் என்ன நேற்றுப் பிறந்தவளா?

பெயர் தாட்சாயணி என்றாள். நாற்பது வயதிருக்கும், நரையை மறைக்காத தலை, பாக்கெட் நிறைய வைத்த பேண்ட். நகரத்து ஜனங்கள் இப்போது எப்படி வாழ்கிறார்கள் என்று ஆவணப்படம் எடுப்பதாகச் சொன்னாள்.

"நாங்க எப்டி கீறோம்னு பாத்து யாருக்கு இன்னா ஆவணும்?" என்றேன்.

"யாருக்கும் ஒண்ணும் ஆக வேண்டாம்க்கா. நீங்க இருக்கற மாதிரியே இருங்க. நான் ஒரு ஓரமா இருந்துக்கறேன்."

அப்படித்தான் இருந்தாள், அதுதான் எங்களை உறுத்தியது. கல்யாண வீடியோக்காரன் சிரி என்பான், திரும்பு என்பான், மாலையை மறுபடி போடு என்பான். அவனுக்கு என்ன வேண்டும் என்று தெரிந்துபோகும். இவளோ யாரையும் எதையும் செய்யச் சொல்லவில்லை. இதைச் செய்யுங்கள் என்றோ இன்னொரு தடவை செய்யுங்கள் என்றோ யாரிடமும் கேட்பதில்லை என்று தனக்குத்தானே ஒரு கட்டுப்பாடு போட்டிருக்கிறாளாம். அதைவிட மோசம், கேமரா ஓடும்போது எரிய வேண்டிய குட்டிச் சிவப்பு விளக்கின் மேல் கறுப்பு டேப்பை ஒட்டி வைத்திருந்தாள். ஏன் என்று கேட்டதற்கு, விளக்கு எரிந்தால் எல்லோரும் அதையே பார்க்கிறார்கள், முகம் மாறிவிடுகிறது என்றாள். ஆகவே மடியில் கிடக்கிற அந்தப் பெட்டி தூங்குகிறதா விழித்திருக்கிறதா என்று பிளாக்கில் ஒருத்தருக்கும் தெரியாது.

எங்கள் சங்கத் தலைவர் ஏகாம்பரம் துறைமுகத்தில் கிரேன் ஓட்டி ரிட்டயர் ஆனவர். காலமெல்லாம் உயரத்திலிருந்து பார்த்துப் பழகியதால் கீழே நடப்பது எல்லாம் தனக்குத்தான் தெரியும் என்கிற நினைப்பு அவருக்கு உண்டு. மொட்டை மாடியில், கொடியில் காய்ந்த துணிகளுக்கு நடுவே எங்களைக் கூட்டினார்.

"பிளாக்க இட்ச்சிட்டு புச்சா கட்டப் போறாங்கோ. குட்ம்பமா கீறவங்களுக்குத்தான் வூடு. தனிக்கட்டைங்கள ஊருக்கு அந்தாண்ட தூக்கிக் கடாசிடுவாங்கோ. யாரு எப்டி கீறான்னு பாத்துட்டு வரச் சொல்லித்தான் இந்தப் பொம்பளைய அனுப்பிக்கீறாங்கோ."

யார் சொன்னது என்று ஒருத்தரும் கேட்கவில்லை. இப்படிப்பட்ட சேதியைக் கேள்வி கேட்டு யாராவது கெடுத்துக்கொள்வார்களா?

"அவ இன்னா பாக்கணும்னு நாமதான் முடிவு பண்ணணும்," என்றார் ஏகாம்பரம்.

முடிவு பண்ணினோம். மூன்றாம் மாடி சம்பந்தம் முட்டிவலிக்காரர், படியேற முடியாதவருக்கு மூன்றாம் மாடி எதற்கு என்று பிடுங்கிக்கொள்வார்களோ என்கிற பயத்தில், கீழ்வீட்டில் பிறந்து வளர்ந்தவர்போல அங்கே நாற்காலி போட்டு உட்கார வேண்டியது, கீழ்வீட்டுக்காரன் மேலே மூன்றாம் மாடியில் இருக்க வேண்டியது. ஏகாம்பரம் படித்த மனிதராகத் தெரிவதற்காக வாசலில் இங்கிலீஷ் பேப்பர் வாசிக்க வேண்டியது. இரண்டாம் மாடி சகுந்தலாவுக்கு ஒரு பிள்ளை வேண்டியது.

சகுந்தலா ஜாக்கெட் தைக்கிறவள். புருஷன் வேறு குடும்பம் பார்த்துக்கொண்டு போனபின் தையல் மிஷினும் அவளும்தான். எதிர்வீட்டு தேவிகா, புருஷன் ஆக்சிடென்ட்டில் போய்ச் சேர்ந்ததும் ஸ்கூட்டர் ஓட்டக் கற்றுக்கொண்டு வீடு வீடாகச் சாப்பாடு கொண்டுபோய்க் கொடுக்கிறவள். அவளுக்கு உலகத்தில் இருந்தது ஒரே ஒரு பிள்ளை, மோனிஷா, ஒண்ணாங்கிளாஸ். பள்ளிக்கூடம் விட்டதும் மோனி சகுந்தலா வீட்டில்தான் இருப்பாள், அவளை அத்தை என்று கூப்பிடுவாள். சாயங்காலம் கீழே ஸ்கூட்டர் ஹாரன் கேட்கும், சகுந்தலா மிஷினை நிறுத்தி, "மோனி, உங்கம்மா வந்துட்டா பாரு" என்பாள், மோனி படியில் தடதடவென்று இறங்கி ஓடுவாள், அத்தைக்கு டாட்டாகூடச் சொல்லாமல். தினமும் நடப்பது இது, நான் கேட்டிலிருந்து தினமும் பார்ப்பது.

"ஒரு நாளைக்குத்தான அண்ணி, இட்டுக்கினு போ," என்று தேவிகாவே பிள்ளையின் கையை எடுத்து சகுந்தலா கையில் வைத்தாள். முதலில் சகுந்தலா வீட்டில் எடுக்கட்டும், பிறகு மோனியை எதிர்வீட்டுக்குக் கூட்டிவந்து தன் வீட்டிலும் எடுக்க வைத்துக்கொள்ளலாம் என்பது அவள் கணக்கு. ஆனால் சகுந்தலா வீட்டில் எடுத்து முடிக்கும்போது தேவிகாவின் போனில் ஆர்டர் வந்து அவள் ஓட வேண்டியதாகிவிட்டது. வெளிச்சம் போய்விட்டது என்று தாட்சாயணியும் கேமராவை மூடி எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாள்.

மறுநாள் காலையில் சம்பந்தத்தின் சாவி அவருடைய பூட்டில் திரும்பவில்லை. எண்ணெய் விட்டுப் பார்த்தார், தட்டிப் பார்த்தார், கடைசியில் வெறுத்துப்போய்க் கீழ்வீட்டுக் கதவில் செருகினார், அது நல்ல பிள்ளையாகத் திறந்துகொண்டது. கீழ்வீட்டுக்காரனின் சாவி மூன்றாம் மாடிக் கதவைத் திறந்தது. ஏகாம்பரம் விடிந்ததும் இங்கிலீஷ் பேப்பரைக் கையில் எடுத்தவர், ஒரு எழுத்தும் புரியாமல், கடைசிப் பக்கத்துக் கடைசி வரி வரும்வரை கண்ணை எடுக்க முடியாமல் உட்கார்ந்திருந்தார், டீ ஆறிப்போயிற்று. கேமரா பார்த்தது அப்படியே நிலைத்து நின்றுவிட்டது என்று எங்களுக்குப் புரிந்தது. தண்ணீர் வராததைப் போல, கரண்ட் போவதைப் போல இதுவும் ஒன்று என்று எடுத்துக்கொண்டோம், எவன் வேலை இது என்று திட்டிக்கொண்டே.

தேவிகா வீட்டில் மோனி தூங்கி எழுந்து, கண்ணைக் கசக்கிக்கொண்டு, பல் தேய்க்கும் பிரஷ்ஷோடு நின்ற தேவிகாவைப் பார்த்து மரியாதையாகக் கேட்டாள்:

"ஆன்ட்டி, எங்கம்மா எங்க?"

விளையாடுகிறாள் என்று தேவிகா முதலில் முதுகில் ஒன்று வைத்தாள். பிள்ளை அழவில்லை. அடுத்த வீட்டுப் பெரியவர்கள் அடித்தால் பிள்ளைகள் எப்படி விறைத்து நிற்குமோ அப்படி நின்றாள். பிறகு கதவைத் திறந்துகொண்டு எதிர்வீட்டுக்குப் போய், "அம்மா, பால்," என்றாள்.

அன்றைக்கு தேவிகா ஸ்கூட்டரை எடுக்கவில்லை. என் தள்ளுவண்டிக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, நெஞ்சில் கையை வைத்துக்கொண்டு, "செண்பகக்கா, என் புள்ள என்னிய ஆன்ட்டின்னுது," என்று திரும்பத் திரும்பச் சொன்னாள். நான் நல்ல வார்த்தை சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "அழாத தேவி, சகுந்தலா பொண்ணு நல்ல பொண்ணுதான்," என்று என் நாக்கு சொல்லிவிட்டது. கேட்டவள் என்னைப் பார்த்த பார்வையை நான் சாகிறவரை மறக்க மாட்டேன். பள்ளிக்கூடத்து ஆயாகூட மோனியை சகுந்தலா வந்தால்தான் வெளியே விட்டாள்.

இதற்கிடையே, கேமரா பார்ப்பது நிலைக்கும் என்றால் நல்லதாகவே பார்க்கட்டும் என்று பிளாக் தன் வேலையைப் பார்க்கத் தொடங்கியது. சம்பந்தம் முட்டிவலி குறைந்து கீழ்வீட்டில் ராஜாவாக இருந்தார், மேலே போனவன் கடற்காற்று வருகிறது என்று இறங்க மறுத்தான். ஒருத்தி இரவல் வளையல்களைப் போட்டுக்கொண்டு கேமரா எதிரே கீரை ஆய்ந்தாள். ஒரே பெரிய ஃபிரிட்ஜை நாலு பேர் சேர்ந்து வீடு வீடாகத் தூக்கிக்கொண்டு அலைந்தார்கள், அதன் கதவை ஒவ்வொரு வீட்டிலும் ஒவ்வொருத்தி திறந்து திறந்து மூடினாள். குழாயடியில் சண்டை நின்றது, சண்டை போட்ட முகத்தோடே நின்றுவிட்டால் என்ன செய்வது என்கிற பயம்தான். புருஷன்கள் பெண்டாட்டிகளை "வாங்க, போங்க" என்றார்கள். நானே மூக்கைச் சொறிவதற்கு முன்னால் எதிர் பெஞ்சைப் பார்த்துக்கொண்டேன். ஒருத்தர் செய்வதை ஒருத்தர் நம்பவில்லை: இது நிஜமாகச் செய்கிறானா, பெட்டிக்காகச் செய்கிறானா? சிரித்தால் சந்தேகம், உதவி செய்தால் அதைவிடச் சந்தேகம்.

எல்லோருடைய சந்தேகமும் கடைசியில் சகுந்தலா தலையில் போய் விடிந்தது. அன்றைக்கு தேவிகாவுக்கு அவசரமாக ஆர்டர் வந்ததே, அந்தச் சாப்பாட்டுக்குச் சொன்னது யார்? சகுந்தலாவே இருக்கலாமே? இதை யார் முதலில் சொன்னார்கள் என்று தெரியாது, நானாகக்கூட இருக்கலாம், நல்லா இருந்ததால் ஆளாளுக்குச் சொன்னோம். சகுந்தலா வாசலில் வந்து நின்று, "நான் கேக்கல. அவதான் குட்த்தா. நீங்கல்லாம்தான் குட்க்க வெச்சீங்கோ," என்று ஒரே ஒரு தடவை சொன்னாள். பிறகு கதவைச் சாத்திக்கொண்டாள். தாட்சாயணி எந்த மாடிக்கு ஏறினாலும் சகுந்தலா மோனியை உள் அறைக்குத் தள்ளி, ஜன்னலில் துணியைக் கட்டினாள். அதைப் பார்த்ததும் எங்கள் சந்தேகம் நன்றாகக் கொழுத்துவிட்டது.

தேவிகா மட்டும் சந்தேகப்பட்டுக்கொண்டு உட்காரவில்லை. நேரே சிமெண்ட் பெஞ்சுக்குப் போனாள், பிள்ளையை இரவல் கொடுத்தது முதல் எல்லாவற்றையும் தாட்சாயணியிடம் சொல்லிவிட்டாள்.

தாட்சாயணிக்கு முகம் செத்துப்போயிற்று. "அப்ப நான் எடுத்தது எல்லாமே நாடகமா?" என்றாள். ஒரே ஃபிரிட்ஜ் எல்லா வீட்டிலும் எப்படி வந்தது என்று அவளும் எங்களைச் சந்தேகப்பட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறாள். கேமராவின் சின்னத் திரையைத் திறந்து அன்றைக்கு எடுத்ததை ஓட்டினாள், நானும் எண்ணெய்க் கரண்டியோடு எட்டிப் பார்த்தேன். தரையில் சகுந்தலா, மடியில் மோனி, கிண்ணத்தில் தயிர்சோறு. ஒவ்வொரு வாய்க்கும் பிள்ளை அவள் முகத்தைப் பார்க்கிறது. அவள் கட்டைவிரலால் அதன் வாயோரத்தைத் துடைத்து, அந்த விரலைத் தன் வாயில் வைத்துக்கொள்கிறாள். வேறொன்றும் இல்லை.

"இதுல எங்க பொய் இருக்கு, காட்டுங்க," என்றாள் தாட்சாயணி.

தேவிகா குனிந்து வெகுநேரம் பார்த்தாள். "பொய்யே இல்லக்கா," என்றாள். "அதான் எனக்கு பயமா கீது."

மறுபடி எடுங்கள், தாயையும் பிள்ளையையும் சேர்த்து வைத்து எடுங்கள் என்று ஏகாம்பரம் பேப்பரும் கையுமாக வந்து கெஞ்சினார். என் கட்டுப்பாட்டை நான் மீறுவதில்லை என்று தாட்சாயணி சொல்லியிருந்தால் நாங்களே அவளை உதைத்திருப்போம். அவள் வேறு சொன்னாள். "நான் சொல்லி இது வராதுங்க. அன்னைக்கு நீங்க நடிக்கச் சொன்னீங்க, ஆனா அந்த ரெண்டு பேரும் நடிக்கலையே. நடிச்சா கேமரா நடிக்கறதைத்தான் பார்க்கும்."

அப்படியும் தேவிகா முயன்று பார்த்தாள். பள்ளிக்கூடம் விட்டு சகுந்தலாவோடு வந்த மோனியைக் கேட்டருகே மறித்து, மண்டியிட்டு, சாக்லேட்டை நீட்டி, "மோனி, அம்மாடா, என்னாண்ட வாடா," என்றாள். தாட்சாயணி கேமராவைத் தூக்கினாள். பிள்ளை சகுந்தலாவின் புடவையைப் பிடித்துக்கொண்டு, தெரியாத ஆன்ட்டி கொடுக்கும் சாக்லேட்டை வாங்கலாமா என்று அண்ணாந்து அனுமதி கேட்டது. தேவிகாவுக்கு அந்தக் கணமே உறைத்தது: கேமரா இதைப் பார்த்துவிட்டால், எந்தக் காலத்திலும் தான் சாக்லேட் கொடுக்கும் எதிர்வீட்டு ஆன்ட்டிதான். பாய்ந்து போய் லென்ஸை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டாள். சாக்லேட் மண்ணில் விழுந்தது, மோனி சகுந்தலாவோடு படியேறிவிட்டாள்.

மறுநாள் முதல் தேவிகா ஸ்கூட்டரை எடுத்தாள், வயிறு இருக்கிறதே. சாயங்காலம் வழக்கமான நேரத்துக்குக் கேட்டுக்குள் வந்து ஹாரன் அடித்தாள். மேலேயிருந்து யாரும் வரவில்லை. கொஞ்ச நேரம் நின்றுவிட்டு அடுத்த ஆர்டருக்குப் போனாள். அதற்கு மறுநாளும் வந்து ஹாரன் அடித்தாள், அதற்கு மறுநாளும் அடித்தாள், மழையில் ரெயின்கோட்டோடு வந்து அடித்தாள். அந்த ஹாரன் கேட்கும்போதெல்லாம் இரண்டாம் மாடியில் தையல் மிஷின் நின்றுபோவதும், ஸ்கூட்டர் போனபின் மறுபடி ஓடுவதும் எனக்குக் கீழே கேட்கும்.

ஒருநாள் ஜாக்கெட் வாங்கப் போனபோது சகுந்தலா கதவைத் திறந்து என்னை உள்ளே விட்டாள். மெலிந்திருந்தாள். உள்ளே மோனி பாட்டுப் பாடிக்கொண்டு பொம்மைக்குத் தலை வாரிக்கொண்டிருந்தாள்.

"சந்தோசமா கீறியா?" என்று கேட்டேன், நக்கலாகத்தான் கேட்டேன்.

"செண்பகா, அது என்னிய அம்மான்னு கூப்புடுதே," என்றாள் குரலைத் தாழ்த்தி, "அதுவா கூப்புடுதா, இல்ல அந்தப் பொட்டி கூப்புட வெக்கிதா? ராவும் பகலும் அதையேதான் யோசிக்கிறேன். மின்னாடி அத்தன்னு கூப்புட்டுச்சே, அத நான் சந்தேகப்பட்டதே இல்ல. இப்போ அது மூஞ்ச ஆசையா பாக்கவே முடியல. நெஜமான்னு உத்துப் பாக்குறேன், அது பயந்துக்குது." ஜாக்கெட்டின் கொக்கியைப் போட்டுப் போட்டுக் கழற்றினாள். "அத்தன்னு கூப்புட இப்போ எனக்கு யாருமே இல்ல."

என் வாழ்க்கையில் எவள் கண்ணீரையும் உடனே நம்பியவள் இல்லை நான். அன்றைக்கு நம்பினேன், ஜாக்கெட்டை வாங்க மறந்து இறங்கிவிட்டேன்.

அன்று சாயங்காலம் வழக்கம்போலக் கேட்டருகே தாட்சாயணி பெஞ்சில் இருந்தாள், கேமரா மடியில் இருந்தது, விளக்கின் மேல் கறுப்பு டேப் இருந்தது. ஏகாம்பரம் இருந்தார், பஜ்ஜிக்கு நின்றவர்கள் இருந்தார்கள். சகுந்தலா மோனியின் கையைப் பிடித்துக்கொண்டு படியிறங்கி வந்தாள், ஒளியவில்லை, முந்தானையால் பிள்ளையை மறைக்கவில்லை, எல்லோரும் பார்க்க நடுவாசலில் வந்து நின்றாள். யாரும் யாரையும் எதுவும் செய்யச் சொல்லவில்லை.

ஸ்கூட்டர் வந்தது. ஹாரன் அடித்தது.

சகுந்தலா பிள்ளையின் கையை விட்டாள். அதன் முதுகில் உள்ளங்கையை வைத்து, மெல்லத் தள்ளி, தினமும் சொன்ன அதே குரலில், மிஷினிலிருந்து தலையைத் தூக்கிச் சொல்வதுபோலச் சொன்னாள்:

"மோனி, உங்கம்மா வந்துட்டா பாரு."

மோனி நின்றாள். சகுந்தலாவைப் பார்த்தாள், ஸ்கூட்டரைப் பார்த்தாள். தேவிகா ஹெல்மெட்டைக்கூடக் கழற்றவில்லை, கூப்பிடவில்லை, கையை நீட்டவில்லை, ஹாண்டில்பாரை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தாள். மோனி மெதுவாக நடந்தாள், அப்புறம் வேகமாக நடந்தாள், அப்புறம் தடதடவென்று ஓடிப்போய் ஸ்கூட்டரின் முன்பக்கத்தில் ஏறி நின்றுகொண்டு, "ஏம்மா இவ்ளோ நேரம்?" என்றாள். தேவிகா ஹெல்மெட்டோடு பிள்ளையின் தலையில் முட்டி முட்டி அழுதாள், பஜ்ஜி கருகிப்போயிற்று, ஏகாம்பரம் பேப்பரால் முகத்தை மறைத்துக்கொண்டார். சகுந்தலா அதற்குள் படியேறிப் போய்விட்டிருந்தாள்.

கொஞ்ச நாளில் தாட்சாயணி மூட்டை கட்டினாள். எல்லோரிடமும் சொல்லிக்கொண்டாள், என்னிடமும் வந்தாள். படம் எப்போது வரும் என்று நான் கேட்கவில்லை. "அன்னிக்கு சாயங்காலம் பொட்டி ஓடிச்சா, ஓடலியா?" என்றுதான் கேட்டேன்.

"அன்னைக்கு மத்தியானமே பேட்டரி தீர்ந்துடுச்சுக்கா. சும்மாதான் மடியில வச்சிருந்தேன்," என்றாள்.

நான் நம்பவில்லை. கேட்டைத் தாண்டும்வரை அவள் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தேன், முதுகிலும் ஒன்றும் தெரியவில்லை. பிளாக் இன்னும் இடிக்கப்படவில்லை, இடிக்கப்போவதாகச் சொன்னது யார் என்பதும் தெரியவில்லை. சம்பந்தம் கீழ்வீட்டில்தான் இருக்கிறார். ஏகாம்பரத்துக்கு இன்னும் காலை டீ ஆறித்தான் போகிறது.

மறந்துவிட்ட ஜாக்கெட்டை வாங்க சகுந்தலா வீட்டுக்குப் போனேன். பள்ளிக்கூடம் விட்டிருந்த நேரம். கிழிந்த பொம்மைச் சட்டையை நீட்டிக்கொண்டு மோனி, "அத்த, இத தச்சுக் குடு அத்த, சீக்கிரம் அத்த," என்று அவளை உலுக்கிக்கொண்டிருந்தாள். சகுந்தலா ஊசியில் நூலைக் கோக்க முடியாமல் தடுமாறிக்கொண்டிருந்தாள், கண் பிள்ளையின் முகத்தையே துருவிக்கொண்டிருந்தது.

கேமராக்காரி பேட்டரியைப் பற்றிச் சொன்னதை அவளிடம் சொன்னேன்.

ஊசி அவள் கையில் நின்றது. "அப்போ பொட்டி ஓடவே இல்லியா? இது அத்தன்னு கூப்புடறது தானாதானா?"

நான் யாரையும் நம்பாதவள், கேமராக்காரியைக் கொஞ்சமும் நம்பாதவள். ஆனாலும் சகுந்தலாவின் முகத்தைப் பார்த்தேன், அவள் முந்தானையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்த பிள்ளையைப் பார்த்தேன்.

"தானாதான்," என்றேன்.